சுவரில் மூன்று வட்டம்

மே 20, செவ்வாய்

காலையில் தலைவலி இருந்தது. சாப்பிட்ட பிறகு இல்லை.

இவ்வளவு சொன்னால் போதும் என்று நினைத்தேன். போதாதாம். யார், எவர், என்ன நடந்தது எல்லாம் வரவேண்டும், டொக்டர் அம்மா படிப்பார் என்கிறாள் நிரோஷினி. இவள் என் மருமகள். எனக்கு எழுத்துத் தெரியாது, நான் சொல்கிறேன், அவள் எழுதுகிறாள். பகலில் மருந்துக் கடைக்கு வேலைக்குப் போய்விடுவாள். சாயந்தரம் வந்து, குளித்து, தேத்தண்ணி ஊற்றிக் குடித்துவிட்டு, "சொல்லுங்க மாமா" என்று பேனாவோடு உட்காருவாள்.

என் பெயர் சன்னாசி. கட்டுகஸ்தோட்டையில் வீடு. கண்டியில் ஒரு றக்பி கிளப்பின் கிரவுண்டில் புல் வெட்டி, சுண்ணாம்புக் கோடு போட்டுக் காலம் கழித்தவன். மகன் லோகிதராஜ். வெளிநாட்டில் லோகி என்பார்கள், இப்போது நாங்களும் அப்படித்தான். றக்பிதான் அவன் தொழில். சம்பளத்துக்கு விளையாடுகிறவன். கண்டியில் ஆரம்பித்து கோலாலம்பூர், ஹொங்கொங், ஜப்பான், ருமேனியா, பிரான்ஸ் என்று போனான். ஓர் ஊரில் ஒரு வருஷம், ஓர் ஊரில் மூன்று. வயது முப்பத்தேழு ஆகிறது.

மார்ச் மாதம் பிரான்சில் ஒருத்தனைப் பிடித்து விழுத்தப் போனான். அவன் முழங்கால் இவன் தலையில் இடித்தது. வண்டியில் படுக்கவைத்துத் தள்ளிக்கொண்டு போனார்கள். தலையில் அடி படுவது முதல் தடவை இல்லை. எத்தனையாவது என்று டொக்டர் அம்மா கேட்டபோது லோகி சிரித்தான்.

இப்போது ஸ்பெயினில் ஒரு கிளப் ஒரு சீசனுக்குக் கூப்பிடுகிறது. தலை நன்றாக இருக்கிறது என்று டொக்டர் கையெழுத்துப் போட்டால்தான் எடுப்பார்கள். டொக்டர் அம்மா படம் பிடித்துப் பார்த்தார். படம் அப்படியும் சொல்கிறது, இப்படியும் சொல்கிறது என்றார். வீட்டில் கூடவே இருக்கிற ஓர் ஆள் அன்றாடம் பார்த்ததைச் சொல்லி எழுதவேண்டும், அதை வைத்துத்தான் முடிவு என்றார். இன்னொரு அடி பட்டால் வீட்டு ஆட்களையே தெரியாமல் போகலாம் என்றும் சொன்னார். அதை எழுதாதே என்றேன். எழுதிவிட்டாள்.

"அப்பா பாக்கட்டும்" என்று சொன்னது லோகிதான். பெண்டாட்டி சொன்னால், புருஷனை வீட்டில் வைத்துக்கொள்வதற்காகச் சொல்கிறாள் என்று ஆகுமாம். "நான் விளையாடுறதுல என்னையவிட அப்பாவுக்குத்தான் ஆசை" என்று டொக்டரிடமே சொன்னான். அது பொய் இல்லை.

மே 21, புதன்

தலைவலி இல்லை. பருப்பும் கீரையும் வைத்தேன். நன்றாகச் சாப்பிட்டான். மத்தியானம் முழுக்கத் தூக்கம். பிரயாணக் களைப்பு.

வந்து ஆறு வாரமாச்சே மாமா என்கிறாள் நிரோஷினி. தூரத்துப் பிரயாணம்.

மே 23, வெள்ளி

பாண் வாங்கக் கடைக்குப் போனோம். ரோட்டைக் கடக்கும்போது லோகி இடது பக்கம் பார்த்துவிட்டு இறங்கினான். வலது பக்கமாக வந்த பஸ் அவன் சட்டையை உரசிக்கொண்டு போய் நின்றது. கொண்டக்டர் தலையை வெளியே நீட்டி, இவ்வளவு பெரிய ஆளுக்குக் கண் தெரியாதா என்று சிங்களத்தில் கேட்டான். லோகி அவனுக்குக் குனிந்து கும்பிடு போட்டான், ஜப்பான்காரன் மாதிரி. கொண்டக்டர் சிரித்துவிட்டான்.

பிரான்சில் வாகனம் எல்லாம் வலது பக்கத்தால் ஓடுமாம். அத்தனை வருஷம் அங்கே நடந்த கால் அப்படித்தான் இறங்கும். இதில் வேறு ஒன்றும் இல்லை.

என் முழங்கால் இன்று மோசம். ஏற்றத்தில் இரண்டு இடத்தில் நின்று வந்தேன்.

மே 26, திங்கள்

இன்றைக்குத் தலைவலி இல்லை. பந்து எறிய ஆரம்பித்தான்.

டொக்டர் அம்மாவுக்கு இந்த விளையாட்டுத் தெரியுமோ என்னவோ. பந்து கோட்டுக்கு வெளியே போனால், இரண்டு பக்கத்து ஆட்களும் இரண்டு வரிசையாக நிற்பார்கள். வெளியே நிற்கிற ஒருத்தன் பந்தைத் தலைக்கு மேலே பிடித்து, இரண்டு வரிசைக்கும் நடுவால் எறியவேண்டும். உள்ளே நெட்டையான ஆளைத் தூக்கிப் பிடித்துப் பந்தை எடுப்பார்கள். எறிகிறவன்தான் லோகி. அந்த இடத்துக்கு ஹூக்கர் என்று பெயர். வரிசையில் முன்னால் நிற்பவனுக்கா, நடுவில் நிற்பவனுக்கா, கடைசியில் நிற்பவனுக்கா எறிவது என்று எதிராளிக்குத் தெரியக்கூடாது. அதற்கு ஒவ்வொரு கிளப்பிலும் ஒரு இரகசியக் கூப்பாடு. ஒருத்தன் சத்தம் போட்டுக் கூப்பிடுவான், லோகி அதன்படி எறிவான்.

எங்கள் வீட்டுக்குப் பின்னால் மண் சரியாமல் கட்டிய பெரிய சுவர் இருக்கிறது. அதில் உயரத்தில் மூன்று வட்டம், என் கையால் சுண்ணாம்பு அடித்தது. முன், நடு, பின். ஒவ்வொரு புது கிளப்புக்குப் போகும் முன்னும் லீவில் வந்து இந்தச் சுவரில்தான் பழகுவான். கூப்பிடுகிறவன் நான். அந்தந்த கிளப்பின் கூப்பாட்டைச் சொல்லித் தருவான். ஒரு தடவை காதில் விழுந்தால் எனக்கு மறக்காது. கோலாலம்பூரில் பழங்களின் பெயர், டுரியான் என்றால் பின். ஜப்பானில் மூன்று எண், முதல் எண்ணைப் பார்க்கவேண்டும், ஒன்று என்றால் முன், இரண்டு நடு, மூன்று பின். மற்ற இரண்டும் சும்மா ஏமாற்ற. ருமேனியாவில் பெண்களின் பெயர். நான் சுவர்ப் பக்கம் நின்று "எலேனா, எலேனா" என்று கத்த, என் பெண்டாட்டி அடுப்படியிலிருந்து வந்து, யாருய்யா அவள், எனக்கும் காட்டு என்றாள்.

ஸ்பெயினில் மறுபடி எண். ஆனால் கடைசி எண்ணைப் பார்க்கவேண்டும். லோகி நன்றாகச் சொல்லிக் கொடுத்தான். இன்று எல்லாம் சரியாக எறிந்தான். எண்ணைத் தமிழில்தான் கூப்பிடுவேன். எனக்கு அதுதான் வரும்.

மே 29, வியாழன்

காலையில் தலைவலி. மாலையிலும் கொஞ்சம். ஜன்னல் துணியை இழுத்துவிட்டுப் படுத்திருந்தான்.

ஜூன் 2, திங்கள்

தலைவலி இல்லை. பாயிஸ் வந்தான். கண்டி கிளப்பில் லோகியின் தோளோடு தோள் பிடித்து விளையாடியவன், இப்போது ஓட்டோ ஓட்டுகிறான். வயிறு ஸ்டியரிங்கில் முட்டுகிறது. வந்ததும் லோகியின் கழுத்தைப் பிடித்துப் பார்த்து, "இன்னும் பலாமரந்தான். நாங்க மட்டுந்தான் பலாப்பழமாப் போயிட்டோம்" என்றான். நெடுநாளைக்குப் பிறகு லோகி வாய்விட்டுச் சிரித்தான்.

இரண்டு பேரும் பழைய மாட்ச் பேசினார்கள். ஒரு மாட்சில் பாயிஸ்தான் கடைசியில் புள்ளி போட்டான். லோகி அதைத் தான் போட்டதாகச் சொன்னான். பாயிஸ் என்னைப் பார்த்தான். நான் தேத்தண்ணிக் கோப்பையை எடுத்துக்கொண்டு உள்ளே போனேன். "சரி மச்சான், நீயே போட்டதா இருக்கட்டும். எனக்கென்ன, ரெண்டு பேரும் ஒரே சேத்துலதானே கெடந்தோம்" என்று பாயிஸ் சொல்வது கேட்டது.

ஆட்டக்காரர்கள் எல்லாரும் அப்படித்தான். வயது ஏற ஏற எல்லாப் புள்ளியும் தான் போட்டதாகத் தோன்றும்.

ஜூன் 5, வியாழன்

டிவி சத்தம் கூட என்று நிரோஷினியைத் திட்டினான். டிவி போட்டது நான். அவள் போய் நிறுத்தினாள். பிறகு அவனே அடுப்படிக்குப் போய் வெங்காயம் உரித்துக் கொடுத்தான்.

இதை எழுதவேண்டுமா என்று அவளைக் கேட்டேன். நீங்கதான் மாமா சொல்லணும், நான் பொண்டாட்டி என்றாள். அவள் பேச்சில் கோபம் இல்லை. கோபம் இருந்தால் எனக்கு லேசாக இருந்திருக்கும்.

ஜூன் 9, திங்கள்

மழை. எறிதல் இல்லை. அவன் சட்டை நனைந்துபோய்விட்டது, துவைத்து அடுப்புக்கு மேலே காயப்போட்டேன். சொல்ல ஒன்றுமில்லை.

ஜூன் 10, செவ்வாய்

பொசன் போயா, பௌத்தர்களின் பௌர்ணமிப் பெருநாள். நிரோஷினிக்கு லீவு. மூன்று பேரும் வீட்டில். தலைவலி இல்லை.

ஜூன் 13, வெள்ளி

மழை விட்டது. பின்பக்கம் புல் முழங்கால் அளவு வளர்ந்துவிட்டது. கத்தியைத் தீட்டிக்கொண்டு இறங்கினேன். கொஞ்ச நேரத்தில் இடுப்பு பிடித்துக்கொண்டது. லோகி வந்து கத்தியை வாங்கி வெட்டினான். நான் கல்லில் உட்கார்ந்து பார்த்தேன். அவன் கை இன்னும் நன்றாகத்தான் இருக்கிறது. வலது பெருவிரல் வளையாது, அது ஜப்பானில் உடைந்தது. இடது புருவத்தில் தையல், அது ருமேனியா. காது இரண்டும் சுருங்கி முறுக்கு மாதிரி இருக்கும், அது பள்ளிக்கூடத்திலேயே வந்துவிட்டது.

ருமேனியாவில் இருந்தபோதுதான் அவன் அம்மா தவறிப்போனாள். அங்கே பனி விழுந்து பிளேன் ஓடவில்லை. அன்றைக்கு அங்கே மாட்ச். விளையாடினான். அந்தப் புருவம் அன்றைக்குக் கிழிந்ததுதான். நான் அதைப் பற்றி அவனை ஒரு வார்த்தை கேட்டதில்லை.

வெட்டிக்கொண்டே பேசினான். எனக்காகப் பேசினானா, தனக்குத்தானே பேசினானா தெரியாது. இத்தனை ஊரிலும் ஒரு கிளப்பில்கூட அவன் ஒழுங்காக விடைபெற்றது இல்லையாம். காயம், இல்லாவிட்டால் ஒப்பந்தம் முடிந்தது, இல்லாவிட்டால் கிளப்பே இழுத்து மூடினார்கள். பெட்டியைத் தூக்கிக்கொண்டு அடுத்த ஊர்.

"கடைசியா என்னைய வண்டில வச்சுத் தள்ளிட்டுப் போனாங்கப்பா. ஜனமெல்லாம் எழும்பி நின்னு கை தட்டிச்சாம். எனக்கு ஒண்ணும் ஞாபகமில்ல. ஒரே ஒரு மாட்ச் விளையாடி முடிச்சிட்டு, நானா நடந்து வெளிய வரணும். அம்புட்டுதான் கேக்குறேன்."

நான் புல்லை அள்ளிக் கட்டினேன். அது நியாயமான ஆசை. டொக்டர் அம்மா அதையும் தெரிந்துகொள்ளட்டும்.

ஜூன் 16, திங்கள்

ஸ்பெயின் கோச் போனில் முகம் காட்டிப் பேசினார். எறிவதைப் பார்க்கவேண்டுமாம். நிரோஷினி லீவு போட்டுவிட்டு போனைப் பிடித்துக்கொண்டு நின்றாள். நான் கூப்பிட்டேன்.

ஒன்று, ஐந்து, மூன்று என்றேன். முன் வட்டத்தின் நட்ட நடுவில் போய் அடித்தது. மூன்று, இரண்டு, ஒன்று என்றேன். பின் வட்டம், நட்ட நடு. இரண்டு, நான்கு, மூன்று. நடு வட்டம். சுண்ணாம்பு உதிர்ந்து விழுந்தது. ஒன்றுகூட வட்டத்துக்கு வெளியே போகவில்லை. கோச்சுக்குத் தமிழ் தெரியாது, ஆனால் கையைப் பார்க்கத் தெரியும். பெருவிரலைத் தூக்கிக் காட்டினார். லோகி நெற்றி வேர்வையைத் துடைத்துக்கொண்டு என்னைப் பார்த்துச் சிரித்தான். பள்ளிக்கூடத்தில் கப் வாங்கிய அன்று சிரித்த அதே சிரிப்பு.

நன்றாக எறிந்தான்.

வேற ஏதாவது மாமா என்று கேட்கிறாள். இல்லை. இவ்வளவுதான்.

ஜூன் 17, செவ்வாய்

எனக்கு உடம்பு சரியில்லை. சாயந்தரம் மறுபடி கூப்பிடச் சொன்னான், கூப்பிட்டேன். எல்லாம் வட்டத்துக்குள்.

ஜூன் 19, வியாழன்

தலைவலி இல்லை. சாப்பிட்டான். எறிந்தான். ஸ்பெயினுக்குக் கொண்டுபோக மிளகாய்த்தூள் வறுத்து இடிக்கச் சொன்னான். மிளகாய் வாங்கி வெயிலில் போட்டிருக்கிறேன்.

ஜூன் 22, ஞாயிறு

காலையில் ஒருத்தரிடமும் சொல்லாமல் பஸ் ஏறி கிரவுண்டுக்குப் போனேன். கேட்டில் இருக்கிறவன் புது ஆள், என்னைத் தெரியவில்லை. உள்ளே விடச்சொல்லிக் கேட்கவும் மனசு வரவில்லை. கம்பி வேலிக்கு வெளியே நின்றேன். கோடு போட்டிருந்தார்கள், கொஞ்சம் வளைந்திருந்தது. என்னால் இனி நேராகப் போட முடியாது, அதனால் குறை சொல்லவும் முடியாது.

திரும்பும் பஸ்ஸில் உட்கார இடம் இல்லை. ஒரு பெண் எழுந்து இடம் கொடுத்தாள். இறங்கவேண்டிய இடத்தை விட்டுவிட்டு, தள்ளி இறங்கி நடந்து வந்தேன்.

நாளை மறுநாள் டொக்டர். ஒரு விஷயம் என் வாயில் இருக்கிறது. சொன்னால் அவன் போகமுடியாது. சொல்லாவிட்டால் போவான், போய் அந்த ஒரு மாட்ச் விளையாடுவான். விளையாடி முடித்து நடந்து வருவானா, என்னவாக வருவான் என்று எனக்குத் தெரியாது.

நிரோஷினி இதை எழுதிவிட்டு, அது என்ன விஷயம் என்று கேட்கவில்லை. போய் மிளகாயை உள்ளே எடுத்து வைத்தாள். வானம் இருட்டிக்கொண்டு வந்தது.

ஜூன் 24, செவ்வாய்

ஆஸ்பத்திரிக்குப் போய் வந்தோம். பாயிஸ் ஓட்டோவில் கொண்டுபோய் இறக்கினான். காசு வாங்கமாட்டேன் என்று சத்தம் போட்டான்.

முதலில் லோகிக்குப் பரீட்சை. ஒற்றைக் காலில் கண்ணை மூடிக்கொண்டு நிற்கச் சொன்னார் டொக்டர் அம்மா. நின்றான். மாதங்களைப் பின்னாலிருந்து முன்னால் சொல்லச் சொன்னார். சொன்னான். ஐந்து வார்த்தை கொடுத்து, கொஞ்ச நேரம் வேறு பேச்சுப் பேசிவிட்டு, அந்த ஐந்தையும் கேட்டார். ஐந்தும் சொன்னான். டொக்டர் அம்மா சிரித்தார். இந்தப் பரீட்சையை எத்தனை நாட்டில் எழுதியிருக்கிறீர்கள் என்று கேட்டார். எல்லாவற்றிலும் என்றான் லோகி. ஆட்டக்காரர்கள் எல்லாரும் இதற்குப் பழகியிருப்பார்கள் என்று அவருக்கும் தெரிந்திருந்தது. அதனால்தான் வீட்டில் ஓர் ஆளைக் கேட்டேன் என்றார்.

பிறகு இந்தக் கொப்பியை எடுத்தார். அவருக்குத் தமிழ் வாசிக்க மெதுவாக வரும். நிரோஷினி வாசித்தாள், நான் சிங்களத்தில் சொன்னேன். பஸ் கதை வந்தபோது பேனாவால் ஏதோ குறித்தார். பாயிஸ் கதையிலும் குறித்தார். ஒன்பதாம் திகதியில் நிறுத்தச் சொன்னார். மழை பெய்தது, எறிதல் இல்லை, பிறகு எப்படிச் சட்டை நனைந்தது என்று கேட்டார்.

லோகி என்னைப் பார்த்தான். அவனுக்கும் தெரியவில்லை. அவன் முகத்தில் ஒன்றுமே இல்லை, நிஜமாகவே என்னிடம் கேட்கிற முகம்.

நான் சொன்னேன். அன்றைக்கு நான் அடுப்படியில் இருந்தேன். வெளியே வந்து பார்த்தால் லோகி கேட்டுக்குப் பக்கத்தில் பையை மாட்டிக்கொண்டு மழையில் நிற்கிறான். எங்கேய்யா என்றேன். பஸ் இன்னும் வரல என்றான். எந்த பஸ் என்று நான் கேட்கவில்லை. அவன் வாயிலிருந்து அதைக் கேட்க எனக்குத் தைரியம் இல்லை. மழைக்கு இன்னைக்குப் பிராக்டிஸ் இல்லையாம், சொல்லி அனுப்பியிருக்காங்க என்றேன். சரி என்று உள்ளே வந்துவிட்டான். தூங்கி எழுந்த பிறகு ஒன்றும் ஞாபகமில்லை.

"நான் அப்படி நிக்கலப்பா" என்றான் லோகி. சத்தமில்லாமல் சொன்னான்.

டொக்டர் அம்மா வேறு ஏதாவது உண்டா என்று கேட்டார். இதை அவரிடம் சொல்லிப் புரியவைக்க முடியாது. லோகியிடம் சொன்னால் போதும். உலகத்திலேயே அது புரிகிற ஆட்கள் நாங்கள் இரண்டு பேர்தான்.

"லோகி, அந்தக் கோச்சு போன்ல பாத்த அன்னைக்கு, ஒண்ணு அஞ்சு மூணுன்னு கூப்ட்டேன். எங்க எறிஞ்ச?"

"முன்னால."

"ஸ்பெயினுக்கு எங்க?"

அவன் விரலை மடக்கி எண்ணிப் பார்த்தான், சின்னப் பையன் மாதிரி. ஒன்று, ஐந்து, மூன்று. கடைசி எண் மூன்று. பின்னால்.

"மூணு ரெண்டு ஒண்ணுன்னேன். பின்னால எறிஞ்ச. ரெண்டு நாலு மூணு. நடுவுல எறிஞ்ச."

"எல்லாம் மொத நம்பருக்கு" என்றான்.

"ஆமா."

"ஜப்பான்."

"ஆமாய்யா."

"அடுத்த நாளும்?"

"அடுத்த நாளும். நேத்து வரைக்கும். நீ ஒண்ணக்கூடத் தப்பா எறியல. அம்புட்டும் ஜப்பானுக்குச் சரி."

நிரோஷினி மடியில் வைத்திருந்த பையின் வாரை இறுக்கிப் பிடித்திருந்தாள். அந்தச் சுவரில் பந்து படுவதை அவளும்தான் பார்த்தாள், போனைப் பிடித்துக்கொண்டு நின்றாள். கூப்பாட்டை எழுதியதும் அவள்தான், ஆனால் இரண்டையும் சேர்த்துப் பார்க்கத் தோன்றியிருக்காது. டொக்டர் அம்மா தண்ணீர்ப் போத்தலை லோகி பக்கம் தள்ளி வைத்தார்.

கையெழுத்துப் போடவில்லை. ஆறு மாதம் போகட்டும், மறுபடி பார்க்கலாம் என்றார். வேறு டொக்டரிடம் போகவும் உங்களுக்கு உரிமை உண்டு, நான் தடுக்கமுடியாது, ஆனால் போகவேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன் என்றார். லோகி எழுந்து அவருக்குக் குனிந்து வணக்கம் வைத்தான். அது பஸ்காரனுக்கு வைத்த அதே வணக்கம்.

ஓட்டோவில் பாயிஸ் கண்ணாடியில் எங்கள் முகத்தைப் பார்த்துவிட்டு ரேடியோவை நிறுத்தினான்.

ஜூன் 25, புதன்

லோகி நான் வைத்த சாப்பாட்டைச் சாப்பிட்டான். தட்டைக் கழுவி வைத்தான்.

டொக்டர் அம்மாவுக்கு இனி இது தேவையில்லை. ஆனாலும் நிரோஷினி பேனாவோடு வந்து உட்கார்ந்தாள். சொல்லுங்க மாமா என்றாள். சொல்கிறேன்.

ஜூன் 26, வியாழன்

கொழும்பில் ஒரு டொக்டர் இருக்கிறாராம். ஆட்டக்காரர்கள் போனால் அதிகம் கேட்காமல் கையெழுத்துப் போடுவாராம். லோகி அவரிடம் போனில் பேசிவிட்டான், சனிக்கிழமை வரச் சொல்லியிருக்கிறார். இதை அவன் என்னிடம் சொல்லவில்லை. பாயிஸிடம் ஓட்டோ கேட்டிருக்கிறான், ஸ்டேஷன் வரைக்கும். பாயிஸ் என்னிடம் சொன்னான். வரமுடியாது என்று சொல்லட்டுமா அங்கிள் என்று கேட்டான். வேண்டாம், அவன் வேறு ஓட்டோ பிடிப்பான் என்றேன்.

நிரோஷினி இதை எழுதும்போது பேனா நின்றது. பிறகு எழுதினாள்.

மிளகாய் இடித்து வைத்தாகிவிட்டது. போனால் கொண்டுபோகட்டும். எதற்கும் இருக்கட்டும் என்று இரண்டு போத்தலில் போட்டேன்.

ஜூன் 28, சனி

அதிகாலையில் குளித்து, சட்டை போட்டுக்கொண்டு வந்தான். நான் பின்பக்கப் படியில் உட்கார்ந்திருந்தேன். பாயிஸின் ஓட்டோ வாசலில் வந்து நின்றது. ஹோர்ன் அடிக்கவில்லை.

லோகி என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தான். சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தான். ஜப்பானில் இருந்தபோது நான் நல்லா விளையாடினேனாப்பா என்று கேட்டான். நான் எங்கே பார்த்தேன், பார்க்காத ஆள் நான். ஆனால் அவன் அங்கிருந்து பேசும்போது குரல் எப்படி இருந்தது என்று எனக்குத் தெரியும். நல்லா விளையாடினய்யா, அங்கதான் ரொம்ப நல்லா விளையாடின என்றேன். தலையை ஆட்டினான்.

பிறகு போனை எடுத்துக்கொண்டு உள்ளே போனான். ஸ்பெயினில் அப்போது நடு இரவாக இருக்கவேண்டும், ஆனால் அந்தக் கோச் எடுத்தார் போல. இங்கிலீஷில் பேசினான், நீளமாக. எனக்கு ஒரு சொல் விளங்கவில்லை. குரல் மட்டும் கேட்டது. அழவில்லை. கெஞ்சவும் இல்லை. நடுவில் ஒரு தடவை சிரித்த மாதிரி இருந்தது. பேசி முடித்து, பின்கதவால் வந்து, என்னைத் தாண்டி இறங்கி, புல் வெட்டிய இடத்தில் போய் நின்றான்.

பாயிஸ் ஓட்டோவைத் திருப்பிக்கொண்டு போகும் சத்தம் கேட்டது.

என்ன சொன்னான் என்று நிரோஷினியைக் கேட்டேன். கண்ணைத் துடைத்துவிட்டுச் சொன்னாள். "வர முடியாதுன்னு சொன்னாரு மாமா. ஏன்னு கேட்டிருக்காங்க. எங்கப்பா வேணாம்னுட்டாரு, அவரு பேச்ச மீற முடியாதுன்னு சொன்னாரு."

நான் வேண்டாம் என்று சொல்லவே இல்லை. ஆஸ்பத்திரியிலும் சொல்லவில்லை, வீட்டிலும் சொல்லவில்லை. பார்த்ததைச் சொன்னேன், அவ்வளவுதான். போகாதே என்ற ஒரு வார்த்தை என் வாயிலிருந்து வரவில்லை. அது நிரோஷினிக்கும் தெரியும், அவனுக்கும் தெரியும்.

ஆனாலும் யாராவது கேட்டால் நான்தான் வேண்டாம் என்றேன் என்றே சொல்லப்போகிறேன். நீயும் அப்படியே சொல்லு என்று நிரோஷினியிடம் சொல்லிவிட்டேன்.